சுண்ணாம்பை விட்டுவிட்டுப் போன சோளம்

மக்காச்சோளம் தானாக உதிர்ந்து முளைக்காது. மடலை மனிதக் கை பிரித்தாக வேண்டும். சுமார் 9000 ஆண்டுகளுக்கு முன் மெக்சிகோவின் மக்கள் தியோசின்தே என்ற காட்டுப்புல்லிலிருந்து ஆக்கிய பயிர் அது. அங்கே பெண்கள் மணிகளைச் சுண்ணாம்புத் தண்ணியில் வேகவைத்து, ஊறப்போட்டு, கழுவி அரைத்துத்தான் ரொட்டி தட்டுவார்கள். மணிக்குள் கட்டுண்டு கிடக்கும் நியாசின் அப்போதுதான் உடம்பில் சேரும்.

1492க்குப் பிறகு ஐரோப்பா விதையை அள்ளிக்கொண்டு போனது. அடுப்படி அறிவு அதன் கண்ணில் அறிவாகவே படவில்லை. பிறகு, சோளக்களியே கதியென்று கிடந்த வட இத்தாலிய ஏழைகளுக்குப் பெலாக்ரா: தோல் வெடித்து, வயிறு போய், புத்தி பேதலித்துச் சாவு. லொம்ப்ரோசோ போன்ற மேதைகள் (குற்றவாளியை முகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவேன் என்றாரே, அவரேதான்) கெட்டுப்போன சோளத்தின்மேல் பழியைப் போட்டார்கள். நியாசின் குறைவுதான் காரணமென்று ஆய்வகம் கண்டுகொண்டது 1937இல். அதுவரை செத்தவர்கள், சுண்ணாம்புச் சட்டி என்ற ஒன்று உண்டென்பதே தெரியாமல் செத்தார்கள்.