ஆல்ஃபா பள்ளியிலிருந்து வந்த ஜோ ஹாரியட்

சாக்ஸபோன் என்றால் நம்மில் பலருக்குக் கத்ரி கோபால்நாத் நினைவுக்கு வருவார். அவர் கர்நாடக இசைக்குப் பழக்கிய அதே ஆல்ட்டோ சாக்ஸபோனை, அவருக்கு முன்பே லண்டனில் இந்திய ராகங்களோடு இணைத்து வாசித்த ஒருவர் உண்டு. பெயர் ஜோ ஹாரியட். பிரிட்டிஷ் ஜாஸ் இசையின் மிக முக்கியமான கலைஞர்களில் ஒருவர். ஆனால் அவர் படித்த பள்ளியைப் பற்றித்தான் ஆசிரியர்களாகிய நாம் முதலில் பேச வேண்டும்.

ஹாரியட் 1928இல் ஜமைக்காவின் தலைநகரான கிங்ஸ்டனில் பிறந்தார். படித்தது அங்குள்ள ஆல்ஃபா ஆண்கள் பள்ளியில். 1880இல் தொடங்கப்பட்டு, பின்னர் கத்தோலிக்க அருட்சகோதரிகளின் பொறுப்பில் நடந்த விடுதிப் பள்ளி அது. ஏழைச் சிறுவர்கள், ஆதரவற்றவர்கள், 'அடங்காதவன்' என்று வீட்டார் கொண்டுவந்து விட்ட பிள்ளைகள் என எல்லோரும் அங்கே இருந்தனர். தையல், அச்சு வேலை போன்ற கைத்தொழில்களைக் கற்றுத் தந்தார்கள். அந்த வரிசையிலேயே பேண்டு வாத்தியமும் இருந்தது. வெளியே போனால் பிழைக்க உதவும் இன்னொரு தொழிலாகத்தான் அங்கே இசை கற்பிக்கப்பட்டது. ஹாரியட் அங்கே கிளாரினெட் கற்றார். சாக்ஸபோன் பிறகு வந்தது. ஜமைக்காவின் 'ஸ்கா' இசையை உலகறியச் செய்த டான் டிரம்மண்ட், டாமி மெக்குக் ஆகியோரும் இதே பேண்டில் வளர்ந்தவர்களே. தேர்வு நெருங்கினால் பாட்டு வகுப்பைக் கணக்குக்குக் கடன் வாங்கிக்கொள்ளும் நமக்கு (நானும்தான்) இது கொஞ்சம் உறுத்தும் செய்தி.

1951இல், 23 வயதில், ஹாரியட் லண்டன் வந்தார். கரீபியன் தீவுகளிலிருந்து பலர் பிரிட்டனுக்கு வேலை தேடி வந்துகொண்டிருந்த காலம் அது. அமெரிக்க மேதை சார்லி பார்க்கரின் வழியில் வேகமாகவும் அழுத்தமாகவும் வாசித்தார். விரைவிலேயே நல்ல பெயர் கிடைத்தது. அதே பாணியில் தொடர்ந்திருந்தால் வசதியாகவே இருந்திருக்கலாம்.

அவர் தொடரவில்லை. 1950களின் இறுதியில் நுரையீரல் நோயால் மருத்துவமனையில் கிடந்த நாட்களில் புதிய எண்ணம் ஒன்று அவருக்குள் வளர்ந்தது. அதைப் புரிந்துகொள்ள ஜாஸ் இசை இயங்கும் விதத்தைச் சற்று அறிய வேண்டும். வழக்கமான ஜாஸ் பாட்டில், ஒரே நேரத்தில் சேர்ந்து ஒலிக்கும் சுரக் கூட்டுகள் ஒரு குறிப்பிட்ட வரிசையில் மாறி மாறி வரும். அந்த வரிசை, தாள ஆவர்த்தனம் போலத் திரும்பத் திரும்பச் சுற்றும். வாசிப்பவரின் கற்பனை அந்தச் சுற்றுக்குள்தான் ஓடும். இந்தச் சட்டத்தையே எடுத்துவிட்டால் என்ன என்று ஹாரியட் கேட்டார். சுரக் கூட்டு வரிசை வேண்டாம். மாறாத காலப்பிரமாணமும் வேண்டாம். ஒருவர் ஒரு சொற்கட்டை வீசினால் அடுத்தவர் அதற்குப் பதில் சொல்லட்டும். எல்லோரும் சட்டென்று நிறுத்தி மௌனமாக இருக்கவும் உரிமை உண்டு.

ஐந்து பேர் கொண்ட அவரது குழுவில் டிரம்பெட் வாசித்த ஷேக் கீன் செயின்ட் வின்சென்ட் தீவுக்காரர், கவிஞரும்கூட. பியானோ வாசித்த பாட் ஸ்மித் ஸ்காட்லாந்துக்காரர். பாஸ் வாசித்த கோல்ரிட்ஜ் கூட் ஜமைக்காவிலிருந்து பொறியியல் படிக்க வந்தவர். டிரம்ஸ் வாசித்த ஃபில் சீமன் ஆங்கிலேயர். 1960இல் இவர்கள் பதிவு செய்ததுதான் 'ஃப்ரீ ஃபார்ம்'.

ஏறக்குறைய அதே காலத்தில் அமெரிக்காவில் ஆர்னெட் கோல்மன் என்ற இன்னோர் ஆல்ட்டோ கலைஞரும் கட்டுகளை அவிழ்த்துக்கொண்டிருந்தார். அதனால் ஹாரியட்டை அவருடைய நகல் என்று எளிதாக ஒதுக்க முடிந்தது. கேட்டுப் பார்த்தால் இருவரும் வேறு வேறு என்பது தெரியும். கோல்மன் அன்று தன் குழுவில் பியானோவே வைத்துக்கொள்ளவில்லை. ஹாரியட்டின் குழுவிலோ பியானோவும் உரையாடலில் சம பங்கு எடுக்கிறது. அடுத்து வந்த 'ஆப்ஸ்ட்ராக்ட்' இசைத்தட்டுக்கு அமெரிக்காவின் 'டவுன்பீட்' இதழ் ஐந்து நட்சத்திரம் அளித்தது. பிரிட்டிஷ் ஜாஸ் இசைத்தட்டு ஒன்று இப்படிப் பாராட்டப்பட்டது அதுவே முதல் முறை. ஆனால் உள்ளூரில் பழைய பாணியையே கேட்க விரும்பியவர்கள் அதிகம்.

இந்த நிலையில்தான் ஒலிப்பதிவுத் தயாரிப்பாளர் டெனிஸ் பிரெஸ்டன், ஹாரியட்டை ஜான் மேயருடன் சேர்த்துவைத்தார். மேயர் 1930இல் கல்கத்தாவில் பிறந்தவர். தந்தை ஆங்கிலோ இந்தியர், தாய் தமிழர். 1952இல் உதவித்தொகை பெற்று லண்டனுக்குப் படிக்க வந்து, அங்கே பெரிய இசைக்குழுக்களில் வயலின் வாசித்தார். இருவரும் சேர்ந்து ஐந்து ஜாஸ் கலைஞர்களையும், சிதார், தபலா, தம்பூரா உள்ளிட்ட ஐந்து பேரையும் ஒரே அறையில் உட்காரவைத்தார்கள். 1966இல் 'இண்டோ-ஜாஸ் சூட்' வெளிவந்தது.

இதில் ஒரு சிக்கல் இருந்தது. ஜாஸில் சுரக் கூட்டுகள் மாறிக்கொண்டே இருக்க வேண்டும். ராகத்திலோ தம்பூராவின் ஆதார சட்ஜம் அசையக் கூடாது. மேயர் ராகங்களை அடிப்படையாக வைத்து இசையை எழுதினார்; ஜாஸ் கலைஞர்கள் அந்தச் சுரங்களுக்குள் கற்பனை செய்ய வேண்டியிருந்தது. சுரக் கூட்டு வரிசையை நம்பியே வாழ்ந்த ஒருவருக்கு இது தரையில்லாமல் நடப்பது போல. ஹாரியட்டோ அந்தத் தரையை ஐந்து ஆண்டுகளுக்கு முன்பே விட்டுவிட்டவர். அவர் ராகத்துக்குள் அவ்வளவு இயல்பாக நுழைந்ததற்குக் காரணம் இதுதான் என்பது என் எண்ணம்.

எல்லாம் பொருந்திவிட்டது என்று சொல்ல மாட்டேன். சில இடங்களில், ஒரே அறையில் இரண்டு வகுப்புகள் நடப்பது போல, ஒரு குழு முடிக்கட்டும் என்று மற்றது காத்திருக்கிறது. 1967இல் வந்த 'இண்டோ-ஜாஸ் ஃப்யூஷன்ஸ்' இன்னும் நெருக்கமானது. அதிலுள்ள 'அக்கா ராகா' பிபிசியின் குடும்ப வினாடி வினா நிகழ்ச்சி ஒன்றுக்கு முகப்பு இசையானது. வாசித்தவர் பெயர் தெரியாமலேயே பிரிட்டிஷ் குழந்தைகள் ஹாரியட்டைக் கேட்டு வளர்ந்தார்கள்.

1969இல் இந்திய கிதார் கலைஞர் அமான்சியோ டிசில்வாவுடன் 'ஹம் தோனோ' வந்தது. அதன் பிறகு இறக்கம்தான். நிலையான குழு இல்லை. ஊர் ஊராகப் போய், அங்கங்கே கிடைத்தவர்களோடு வாசித்துப் பிழைத்தார். 1973 ஜனவரி 2 அன்று சவுத்தாம்டன் நகரில் புற்றுநோயால் இறந்தார். வயது 44. அவருடைய இசைத்தட்டுகள் பல ஆண்டுகள் கடைகளில் கிடைக்காமல் போய், பின்னரே மறுபதிப்புக் கண்டன. மேயர் பிற்காலத்தில் பர்மிங்காம் இசைக் கல்லூரியில் ஆசிரியரானார். அங்கே இந்திய இசைக்குப் பட்டப்படிப்பு தொடங்கக் காரணமாக இருந்தார். 1990களில் இண்டோ-ஜாஸ் குழுவை மீண்டும் கூட்டினார், 2004இல் மறைந்தார்.

கேட்க விரும்புவோர் 'இண்டோ-ஜாஸ் சூட்'டில் உள்ள 'ராகா மேகா'விலிருந்து தொடங்கலாம். இந்துஸ்தானி மேக் ராகம் நம் மத்தியமாவதியின் சுரங்களைக் கொண்டது. காதுக்குப் புதிதாக இருக்காது. அது பழகிய பிறகு 'ஃப்ரீ ஃபார்ம்' பக்கம் போங்கள். முதல் முறை குழப்பமாகத்தான் இருக்கும். இரண்டாம் முறை, ஐவரில் ஒருவரை மட்டும் தேர்ந்துகொண்டு, அவர் யாருக்குப் பதில் சொல்கிறார் என்று கவனித்துக் கேளுங்கள்.