நாவு காத்தது, ஏடு காக்கவில்லை

அமானிதம் என்றதும் நம் உள்ளத்தில் பணமும் நகையுமே தோன்றுகின்றன. ஒருவர் நம்மை நம்பிக் கூறிய செய்தியும் அமானிதமே என்று நபி (ஸல்) அவர்கள் நமக்குக் கற்றுத் தந்துள்ளார்கள். அந்த அமானிதம் எந்தெந்த வாயில்கள் வழியே கைநழுவும் என்பதை இரண்டாம் உலகப் போர்க்கால நிகழ்வொன்று தெளிவாக விளக்குகிறது.

1940 ஜூன் மாதம் ஜெர்மானியப் படைகள் பாரிஸ் நகரைக் கைப்பற்றின. அடுத்த மாதமே பிரிட்டன் ஓர் இரகசிய அமைப்பைத் தோற்றுவித்தது. எதிரியின் பிடியிலுள்ள நாடுகளுக்குள் ஆட்களை அனுப்பி உளவறிவதும், இரயில் பாதைகளையும் தொழிற்சாலைகளையும் தகர்ப்பதும், உள்நாட்டு எதிர்ப்பாளர்களுக்கு ஆயுதம் வழங்குவதும் அதன் பணிகள். இவை அனைத்தும் கம்பியில்லாத் தந்தியை நம்பியே நடந்தன. ஆயுதம் எந்த இரவில், எந்த வயலில் இறங்கும் என்பது அக்கருவியின் வழியாகவே முடிவாயிற்று.

அப்பணிக்காக இங்கிலாந்திலிருந்து பிரான்சுக்கு அனுப்பப்பட்ட முதல் பெண் தந்தியாளர் நூர் இனாயத் கான். 1914-இல் மாஸ்கோவில் பிறந்தவர். மேற்கு நாடுகளில் சூஃபி நெறியைப் போதித்த ஹஸ்ரத் இனாயத் கானின் மகள். திப்பு சுல்தானின் மரபில் வந்தவர். குழந்தைகளுக்குக் கதை எழுதிவந்த மென்மையானவர். இரட்டை வேடம் போடுவதில் தமக்கு விருப்பமில்லை என்று பயிற்சியின்போதே கூறியவர்.

1943 ஜூன் 16-ஆம் நாள் இரவு, சிறு விமானம் ஒன்றில் அவர் பிரான்சில் இறங்கினார். சில நாட்களிலேயே பாரிஸிலிருந்த அவருடைய குழு ஜெர்மானியரிடம் சிக்கத் தொடங்கியது. திரும்பி வருமாறு லண்டன் அழைத்தது. தாம் வந்துவிட்டால் பாரிஸுக்கும் லண்டனுக்கும் தொடர்பே அற்றுவிடும் எனக் கூறி அவர் மறுத்தார். அலைவரிசையை மோப்பம் பிடிக்கும் வாகனங்கள் வீதிகளில் சுற்ற, இடம் மாற்றி இடம் மாற்றிச் செய்தி அனுப்பினார். அக்டோபர் மாதம் காட்டிக்கொடுக்கப்பட்டுக் கைதானார்.

விசாரணையில் அவர் எவரையும் காட்டிக்கொடுக்கவில்லை. இதனைப் போருக்குப் பின் பாரிஸிலிருந்த ஜெர்மானிய உளவுத்துறைத் தலைவரே ஒப்புக்கொண்டார். இருமுறை தப்ப முயன்றார். இனித் தப்ப முயலமாட்டேன் என்று கையொப்பமிடச் சொன்னபோது மறுத்துவிட்டார்.

ஆனால் அவருடைய அறையில் ஓர் ஏடு கிடைத்தது. அனுப்பிய செய்திகளையெல்லாம் அழிக்காமல் அதில் எழுதி வைத்திருந்தார். தமக்கு அளிக்கப்பட்ட அறிவுறுத்தலை அவர் தவறாக விளங்கிக்கொண்டிருக்கலாம் என வரலாற்றாசிரியர் கருதுவர். அவ்வேட்டைக்கொண்டு ஜெர்மானியர் அவர் பெயரிலேயே லண்டனுக்குச் செய்தி அனுப்பினர். அவர் பிடிபட்டதாக எச்சரிக்கை ஒன்று லண்டனை எட்டியிருந்தது. எனினும் அங்கிருந்தோர் அதனைப் பொருட்படுத்தவில்லை. வந்த செய்திகளை உண்மையென நம்பி ஆட்களை அனுப்பினர். 1944 பிப்ரவரி இறுதியில் பாராசூட்டில் இறங்கிய மூவரை, இறங்கிய இடத்திலேயே ஜெர்மானியர் எதிர்கொண்டனர்.

அம்மூவருள் ஒருவர் மேட்லின் டாமர்மென் என்னும் பெண். நூரின் இரகசியப் பெயரும் மேட்லின் என்பதே. ஏறத்தாழப் பத்து மாதங்கள் சிறையில் விலங்கிடப்பட்டுத் தனிமையில் கிடந்த நூர், 1944 செப்டம்பர் 13 அன்று டாக்காவ் முகாமில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடன் கொல்லப்பட்ட மூன்று பெண்களுள் டாமர்மெனும் ஒருவர். 1949-இல் பிரிட்டன் ஜார்ஜ் சிலுவை விருதை நூருக்கு வழங்கியது.

சகோதரர்களே, சிந்தித்துப் பாருங்கள்! விலங்கும் தனிமையும் திறக்க முடியாத வாயை உடைய ஒருவரின் அமானிதம், ஒரு சாதாரண ஏட்டின் வழியே வெளியேறிற்று. எச்சரிக்கையைக் கேட்டும் விசாரிக்காதவர்கள், அந்தச் சிறு பிழையைப் பெருந்துயராக்கினர். பிழை ஒருவருடையதன்று, பொறுப்பும் ஒருவருடையதன்று.

அண்டை வீட்டார் நம்மிடம் கூறிய குடும்பத் துயரம், நம்மிடம் தரப்பட்ட கடிதம், நம் கைப்பேசியில் கிடக்கும் பிறருடைய செய்தி ஆகிய அனைத்தும் அமானிதமே. நாவை அடக்கினால் மட்டும் போதாது. கவனக்குறைவையும் அடக்க வேண்டும். நம்மிடம் வந்து சேரும் செய்தியை விசாரித்து அறியவும் வேண்டும். அமானிதங்களைப் பேணும் நற்பேற்றை அல்லாஹ் நம் அனைவருக்கும் வழங்குவானாக! ஆமீன்.