முத்திரைக் கட்டணமும் மேன்முறையீடும்

நீதிமன்றத்தின் கதவு எல்லார்க்கும் திறந்திருக்கிறது என்பர். ஆயினும், அவ்வாயிலிலே வழக்காளி ஒரு கட்டணம் செலுத்தியே உள்ளே புகவேண்டியிருக்கிறது. அக்கட்டணம் குறைந்தமையால் வழக்கே தள்ளப்பட்டால் அவர் கதி யாது? மீளும் வழி உண்டா? அயல்நாடாகிய இந்தியாவின் சட்டம் இவ்வினாவுக்குக் கூறும் விடை அறியத்தக்கது.

இந்தியாவில் நீதிமன்றக் கட்டணங்களுக்கு அடிப்படையாய் அமைந்தது 1870ஆம் ஆண்டுச் சட்டமாகும். பின்னர் மாநிலங்கள் பல தமக்கெனத் தனிச் சட்டங்களை இயற்றிக்கொண்டன. தமிழ்நாட்டில் 1955ஆம் ஆண்டுச் சட்டம் வழங்கிவருகிறது. பணவழக்குகளில் கோரப்படும் தொகைக்கேற்பவே கட்டணம் கணிக்கப்படும். வழக்கு நடைபெறும் முறையை வகுத்துரைப்பது 1908ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை.

ஓர் உதாரணத்தைக் கொள்வோம். ஒரு விதவைத் தாய் தன் சேமிப்பை உறவினர் ஒருவருக்குக் கடனாகக் கொடுத்தாள். அது திரும்பவில்லை. கடன்பணத்துக்கு வழக்கிடச் சட்டம் தரும் காலம் மூன்று ஆண்டுகள். அக்காலம் முடியச் சில நாட்களே இருக்கையில் அவள் வழக்கிட்டாள். வழக்கைத் தொடங்கும் பத்திரமாகிய முறைப்பாட்டில் ஒட்டப்பட்ட முத்திரை போதாதெனக் காணப்பட்டது. இந்நிலையில் நீதிபதி முறைப்பாட்டை உடனே தள்ளிவிடலாகாது. குறையை ஈடுசெய்ய ஒரு தவணை குறித்தல் வேண்டும். அத்தவணைக்குள்ளும் செலுத்தப்படாவிடின், கோவையின் ஏழாம் கட்டளை பதினோராம் விதியின்படி முறைப்பாடு நிராகரிக்கப்படும்.

நிராகரிக்கப்பட்டபின் அவளுக்கு இரு வழிகள் தோன்றும். ஒன்று, புதிதாக வழக்கிடுதல். கடனின் உண்மை பொய்மை விசாரிக்கப்படாமையால் சட்டம் இதனைத் தடைசெய்யவில்லை. ஆனால் மூன்று ஆண்டுக் காலம் இதற்குள் கழிந்துவிட்டது. புதுவழக்குக் காலங்கடந்ததெனத் தள்ளப்படும். உண்மைக் கடனும் மீளாக் கடனாகிவிடும்.

மற்றது மேன்முறையீடு. முறைப்பாட்டை நிராகரிக்கும் கட்டளையைத் தீர்ப்பாணைக்குச் சமமாகவே கோவையின் இரண்டாம் பிரிவு கருதுகிறது. ஆதலின் அதற்கெதிராக மேன்முறையீடு செய்யும் உரிமை உண்டு. இதன் பயன் பெரிது. கோவையின் 149ஆம் பிரிவின்படி, நீதிமன்றின் அனுமதியுடன் பின்னர்ச் செலுத்தப்படும் கட்டணம் தொடக்கத்திலேயே செலுத்தப்பட்டது போன்ற வலுவைப் பெறும். மேன்முறையீடு வென்று, அவ்வனுமதியும் கிடைத்துக் குறை செலுத்தப்படுமாயின், வழக்கு அதன் முதல் நாளிலேயே நிலைபெறும். காலவரையறை அதனைத் தீண்டாது.

மேன்முறையீட்டில் எவற்றை எடுத்துரைக்கலாம்? தவணையே கொடுக்கப்படவில்லை எனலாம். பெறுமதி தவறாகக் கணிக்கப்பட்டது எனலாம். தவணையை நீட்டுமாறு வேண்டியும் மறுக்கப்பட்டிருப்பின், அசாதாரணமான காரணத்தால் செலுத்த முடியாமற்போயிற்று என்றும், நீட்டிக்க மறுப்பது கடும் அநீதி விளைக்கும் என்றும் காட்டவேண்டும். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் இவ்விரண்டையும் வேண்டுகின்றது. வெறும் அசட்டையைப் பொறுப்பதற்கு அதிலே இடமில்லை. மேன்முறையீட்டுக்கான காலம் உயர்நீதிமன்றத்துக்காயின் 90 நாட்கள், ஏனைய மன்றுகளுக்காயின் 30 நாட்கள். கட்டளையின் பிரதியைப் பெறச் சென்ற நாட்கள் கணக்கிற் சேரா.

இங்கே ஓர் இடர்ப்பாடு எழுகிறது. முதற்கட்டணத்துக்கே வழியில்லாதவள் மேன்முறையீட்டுக் கட்டணத்துக்கு எங்கே போவாள்? அத்தகையோர்க்காகவே 33ஆம், 44ஆம் கட்டளைகள் உள்ளன. பொருள்வசதியற்றவர் என நிறுவுவோர் கட்டணம் கட்டாமலே வழக்கிடவும் மேன்முறையீடு செய்யவும் அனுமதி பெறலாம். வசதியை அளக்கும்போது வழக்கிற்குரிய பொருளைச் சேர்த்தெண்ணுவதில்லை. எனினும் இது கட்டணத்தை மன்னிப்பதன்று, பின்போடுவதேயாகும். வழக்கு முடிந்தபின் அரசு அதனை அறவிட்டுக்கொள்ளும். அன்றியும், தவறாக நிராகரிக்கப்பட்ட முறைப்பாட்டை ஏற்குமாறு மேன்மன்று பணித்தால், மேன்முறையீட்டுக்குச் செலுத்திய கட்டணம் முழுவதையும் திருப்பிப் பெற 1870ஆம் ஆண்டுச் சட்டத்தின் 13ஆம் பிரிவு இடமளிக்கிறது.

இவ்விதிகளுக்கெல்லாம் அடிப்படையான கருத்தை இந்திய உயர்நீதிமன்றங்களுக்கும் மேலான உச்சநீதிமன்றம் 1961ஆம் ஆண்டில் தெளிவுபடுத்தியது. கட்டணம் என்பது வழக்காளிக்கும் அரசுக்கும் இடையிலான விடயம். அரசின் வருவாயைக் காப்பதே அதன் நோக்கம். எதிராளி வழக்கை முடக்குவதற்கு அதனை ஆயுதமாக ஏந்துதல் தகாது.

ஆகவே, கட்டணக் குறையால் வழக்கு நிராகரிக்கப்பட்டவர் மனந்தளர்ந்து வீட்டில் இருந்துவிடவும் வேண்டாம். அவசரப்பட்டுப் புதுவழக்கிடவும் வேண்டாம். கட்டளையின் பிரதியை உடனே பெற்று, தமது உரிமைக்குரிய காலம் எஞ்சியுள்ளதா என்பதை முதலில் எண்ணிப் பார்த்தல் வேண்டும். காலம் எஞ்சியிருப்பின் இரு வழிகளும் திறந்துள்ளன. கழிந்திருப்பின் மேன்முறையீடு ஒன்றே அவரது உரிமையைக் காக்கும்.