நூறாண்டு வாழும் மட்டி

உப்பங்கழிகளில் அள்ளும் மட்டி உள்ளங்கையில் அடங்கிவிடும். மன்னார் வளைகுடாவின் முத்துச் சிப்பியும் ஏறத்தாழ அவ்வளவே. இவற்றைப் போலவே இரண்டு ஓடுகளையுடைய ஒரு பிராணி, 4 அடி நீளமும் 200 கிலோவுக்கு மேற்பட்ட எடையும் உடையதாய் வளர்கிறது என்றால் நேயர்கள் வியப்படையக்கூடும். அதுவே இராட்சத மட்டி.

விலங்கு நூலார் இதனை 'டிரிடாக்னா' என்னும் பேரினத்தில் சேர்த்துள்ளனர். இவற்றுள் மிகப் பெரியதான 'டிரிடாக்னா ஜைகாஸ்' பிலிப்பைன்ஸ் தீவுகள், இந்தோனேசியா, ஆஸ்திரேலியாவின் பெரும் பவளத்திட்டு ஆகிய பகுதிகளில் வாழ்வது. நம் நாட்டின் இலட்சத்தீவுகளிலும் அந்தமான் நிக்கோபார்த் தீவுகளிலும் இதன் சிறிய உறவினங்களான மாக்சிமா, ஸ்குவாமோசா என்பவை பவளப் பாறைகளிடையே காணப்படுகின்றன. ஆகவே, அந்தமானில் குடியேறி வாழும் தமிழ் மக்களுக்கு இது அண்டைவீட்டுப் பிராணி என்றே சொல்லலாம்.

பவளத்திட்டுகளைச் சூழ்ந்த நீர் கண்ணாடிபோல் தெளிந்திருக்கும். அதில் மிதக்கும் உணவுத் துகள்கள் மிகச் சொற்பம். நீரை வடிகட்டி உண்ணும் ஒரு பிராணி அங்கே இத்துணைப் பெரிதாக வளர்வது எவ்வாறு? அதன் விடை அதன் மேனியிலேயே உள்ளது.

பகற்பொழுதில் மட்டி தன் ஓடுகளை விரித்து, நீலமும் பச்சையும் பழுப்புமாக மின்னும் சதைப் போர்வையை வெயிலில் பரப்புகிறது. அப்போர்வைக்குள், இரைப்பையிலிருந்து கிளைத்துச் செல்லும் நுண்ணிய குழாய்களில், ஓரணுப் பாசிகள் கோடிக்கணக்கில் குடியிருக்கின்றன. மட்டியின் கழிவுகள் பாசிக்கு எருவாகின்றன. பாசியோ சூரிய ஒளியைக்கொண்டு சர்க்கரையை ஆக்கி, அதில் பெரும் பகுதியை மட்டிக்கு அளிக்கிறது. மின்னும் நிறங்களைத் தரும் உயிரணுக்கள் வெறும் அழகுக்காக அமைந்தவையல்ல. ஒளியைச் சிதறச் செய்து ஆழத்திலுள்ள பாசிகளுக்கும் அவை பகிர்ந்தளிக்கின்றன.

1928-29இல் ஆஸ்திரேலியப் பவளத்திட்டுக்குச் சென்ற ஆராய்ச்சிக் குழுவின் தலைவர் சி. எம். யங் என்னும் ஆங்கில அறிஞர் இக்கூட்டு வாழ்க்கையை விரிவாக ஆராய்ந்தார். மட்டி பாசியைப் பயிரிட்டு, பின் அதனையே செரித்து உண்கிறது என்று அவர் முதலில் கருதினார். உயிருள்ள பாசியிலிருந்தே உணவுச்சத்து கசிந்து மட்டிக்குச் சேர்கிறது என்பது பிற்காலச் சோதனைகளால் புலனாயிற்று.

இப்பிராணி மனிதனின் காலைக் கவ்வி மூழ்கடித்துவிடும் என்ற கதை நெடுங்காலம் வழங்கிவந்தது. அவ்வாறு ஒருவர் மாண்டதற்குச் சான்று ஏதும் இல்லை. ஓடுகள் மெதுவாகவே மூடுகின்றன. மிகப் பெரிய மட்டிகளால் அவற்றை முழுவதும் மூடவும் இயலாது.

இனி இதன் வாழ்நாளைக் காண்போம். ஒவ்வொரு மட்டியும் இளமையில் ஆணாக முதிர்ந்து, சில ஆண்டுகளுக்குப் பின் பெண் தன்மையையும் அடைகிறது. பெரிய மட்டி ஒரே பொழுதில் பல கோடி முட்டைகளை நீரில் வெளியிடும். கருவுற்ற முட்டையிலிருந்து தோன்றும் குஞ்சு ஒரு வார காலத்திற்குச் சற்று மேலாக நீந்தித் திரிந்து, பிறகு தரையில் அமர்கிறது. தாய் அதற்குப் பாசியை வழங்குவதில்லை. கடல்நீரிலிருந்து தானே பெற்றுக்கொள்கிறது. கோடியில் மிகச் சிலவே பிழைத்து வளர்கின்றன. வளர்ந்தவையோ நூறாண்டும் வாழக்கூடும். மரத்தின் வளையங்களைப் போல ஓட்டிலும் வளர்ச்சிக் கோடுகள் பதிவதால் ஆராய்ச்சியாளர் அதன் வயதைக் கணிக்கின்றனர்.

இந்நீண்ட வாழ்வே இதற்கு இடராகவும் முடிகிறது. ஓரிடத்தில் அமர்ந்த மட்டி துணையைத் தேடிச் செல்ல இயலாது. அருகே வேறு மட்டிகள் இருந்தால்தான் முட்டைகள் நன்கு கருவுறும். திட்டில் ஒன்றிரண்டே எஞ்சினால், அவை பல ஆண்டுகள் உயிரோடிருந்தும் சந்ததி பெருகாது. இறைச்சிக்காகவும், செதுக்கு வேலைக்கு ஏற்ற வெண்மையான ஓட்டுக்காகவும் பல கடல்களில் இவை அள்ளப்பட்டன. கடல்நீர் அளவுக்கு மீறிச் சூடேறும்போது பாசிகள் நீங்கி, மட்டி வெளுத்து நலிகிறது.

பாதுகாப்பு முயற்சிகள் இல்லாமலில்லை. இவற்றின் பன்னாட்டு வாணிகம் 1980களிலிருந்து ஒப்பந்தத்தால் கட்டுப்படுத்தப்பட்டுள்ளது. சீனாவின் ஹைனான் மாகாணம் 2017இல் ஓட்டு வாணிகத்தைத் தடை செய்தது. பிலிப்பைன்ஸில் எட்கார்டோ கோமஸ் முதலிய அறிஞர்கள் குஞ்சு பொரிப்பகங்களில் வளர்த்த மட்டிகளைத் திட்டுகளில் மீண்டும் குடியேற்றினர். நம் நாட்டிலும் 2001 முதல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இவ்வினங்களைக் காத்துவருகிறது.

எனவே, தீவுகளில் வாழும் அன்பர்களும் அங்கே சுற்றுலாச் செல்வோரும் இவ்வோடுகளை நினைவுப் பொருளாக விலைக்கு வாங்குதல் தகாது. தாழ்ந்த நீரில் ஓர் உயிருள்ள மட்டியைக் காண நேர்ந்தால், அதன் வண்ணங்களைக் கண்டு மகிழ்ந்து, இருந்த இடத்திலேயே விட்டுவருதல் நம் கடமையாகும்.