டாட்டூயின்: வீடு இங்கே, வாசல் வேறெங்கோ
ஹோட்டல் சிதி திரிஸ், மத்மாத்தா, துனீசியா

நீங்கள் இறங்கி வந்த இந்தப் பள்ளம், திரையில் டாட்டூயின் என்ற பாலைவனக் கோள். 1977-இல் வெளியான ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் லூக் ஸ்கைவாக்கர் வளர்ந்த வீட்டின் உட்புறத்தை 1976-இல் இங்கேதான் படமாக்கினார்கள். கோளின் பெயரும் இரவல்தான். தென்கிழக்கே தத்தாவின் என்றே ஓர் ஊர் உண்டு.

வீடு செட் அல்ல. இவ்வூர் பெர்பர் மக்கள் இளகிய மண்ணில் பெருங்கிணறு போலத் தோண்டி, அடியில் முற்றம் விட்டு, சுற்றுச் சுவரிலேயே அறைகளைக் குடைந்தார்கள். வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே குளுமை, குளிர்காலத்தில் கதகதப்பு. சாப்பாட்டு அறைக் கூரையின் சித்திரத்தை அண்ணாந்து பாருங்கள். ஊரைவிட்டுப் போக லூக் தன் சித்தப்பாவிடம் மன்றாடுவது அதன் கீழேதான்.

படியேறிப் போய் டாட்டூயினின் இரட்டைச் சூரியனைத் தேட வேண்டாம். வீட்டு வாசலுக்கு வெளியே அவை மறையும் அந்திக் காட்சி மேற்கே வெகுதொலைவில், ஷாட் எல் ஜெரித் உப்புவெளியில் எடுத்தது. வாசலுக்கும் முற்றத்துக்கும் இடையே அத்தனை தூரம். சினிமாவில் ஒரே வெட்டு! இரண்டாம் சூரியன் பிறகு செய்த ஒட்டுவேலை.

இரு சூரியன்களைச் சுற்றும் நிஜக் கோள் ஒன்று 2011-இல் அகப்பட்டது: கெப்ளர்-16பி. ஒரு சுற்றுக்கு 229 நாள். பாலைவனமல்ல, உறையும் குளிர்.