இரட்டைக் குட்டிகளில் ஒன்று இளைப்பது ஏன்?

வெள்ளாடு இரட்டைக் குட்டி ஈன்றால் வீட்டில் மகிழ்ச்சிதான். ஆனால் மூன்று மாதம் கழித்துப் பட்டியில் பார்த்தால், ஒரு குட்டி துள்ளிக் குதிக்கும். கூடப் பிறந்த மற்றது ரோமம் சிலிர்த்து, வயிறு ஒட்டிப் பின்தங்கி நிற்கும். 'அது பிறவிச் சோடை' என்று சொல்லி, கிடைத்த விலைக்குச் சந்தையில் தள்ளிவிடுவது பலருடைய வழக்கம். ஓர் ஆட்டையே முதலாக வைத்துப் பிழைக்கும் குடும்பத்திற்கு இது ஆண்டு வருமானத்தில் பாதியை இழப்பதாகும். உண்மையில் அக்குட்டி பல சமயம் பிறவிச் சோடையே அல்ல.

ஆடுகளில் இரட்டைகள் பெரும்பாலும் இரு தனித்தனி முட்டைகளிலிருந்து உண்டாகின்றன. ஆகவே அவை அடுத்தடுத்த ஈற்றில் பிறந்த குட்டிகளைப் போன்றவையே. நிறமும் வளர்த்தியும் ஓரளவு வேறுபடுவதில் வியப்பில்லை. ஒரே கரு இரண்டாகப் பிரிந்து பிறக்கும் ஒத்த இரட்டைகள் மாடுகளில் எப்போதாவது உண்டு. நியூசிலாந்தில் ருவாகுரா ஆராய்ச்சி நிலையத்தார் 1940, 1950ஆம் ஆண்டுகளில் அத்தகைய ஜோடிகளைச் சேகரித்து ஆராய்ந்தனர். இரண்டிற்கும் பிறவிக்குணம் ஒன்றே. எனவே இரண்டையும் வெவ்வேறு விதமாகப் பராமரித்து, வரும் வித்தியாசம் வளர்ப்பினால் வந்தது என்று கணிக்க முடிந்தது. (ஒத்த இரட்டைகளிலும் உடம்பின் புள்ளிகள் அச்சாக ஒத்திருப்பதில்லை என்பது ஒரு வேடிக்கை.)

நமது பட்டியில் வரும் வித்தியாசம் தாயின் வயிற்றிலேயே தொடங்குகிறது. வெள்ளாட்டின் சினைக்காலம் ஏறக்குறைய 5 மாதம். குட்டியின் பிறப்பு எடையில் பெரும்பகுதி கடைசி 6 முதல் 8 வாரங்களில் சேருகிறது. அந்த நாட்களில் இரு குட்டிகளும் இடத்தை அடைத்துக்கொள்வதால் தாயால் அதிகம் மேய முடிவதில்லை, தேவையோ இருமடங்கு. மேய்ச்சலை மட்டும் நம்பாமல், பசுந்தழையுடன் தினமும் 200 முதல் 300 கிராம் அடர்தீவனம் கொடுக்க வேண்டும். பால் கறக்கும்போதுதான் பிண்ணாக்கு என்ற கணக்கு இங்கு உதவாது. பட்டினி கிடந்தால் குட்டி சிறுப்பதோடு, தாயே எழ முடியாமல் படுத்துவிடும்.

பிறந்த முதல் நாள் இன்னும் முக்கியமானது. ஆட்டுக்குக் காம்பு இரண்டுதான். ஆனால் வலுவான குட்டி ஒன்றைக் காலி செய்துவிட்டு அடுத்ததையும் பிடித்துக்கொள்ளும். மெலிந்தது முட்டித் தள்ளப்பட்டு ஒதுங்கும். நோயைத் தடுக்கும் சக்தி சீம்பாலில்தான் குட்டிக்குக் கிடைக்கிறது. 24 மணி நேரம் சென்றபின் குடல் அதை ஏற்பதில்லை. எனவே பிறந்த ஒரு மணி நேரத்திற்குள், சிறிய குட்டியை முதலில் பிடித்துக் காம்பில் விடுங்கள். முதல் நாளில் அதன் எடையில் பத்தில் ஒரு பங்கு சீம்பால் சேர வேண்டும். 1 கிலோ 600 கிராம் குட்டிக்குச் சுமார் 160 மில்லி, நாலைந்து தடவையாக. உறிஞ்சத் தெம்பில்லாமல் சில்லிட்டுக் கிடக்கும் குட்டியின் வாயில் பாலை ஊற்றிவிடக் கூடாது. அது நுரையீரலுக்குள் போகும். முதலில் சாக்கில் சுற்றிக் கதகதப்பூட்டி, கால்நடை மருத்துவரின் உதவியை நாடவும்.

பிறகு வாரம் ஒருமுறை ஸ்பிரிங் தராசில் நிறுத்து, நோட்டில் குறித்து வாருங்கள். கிடாக்குட்டி பொதுவாகச் சற்றுக் கனமாகவே பிறக்கும். இரட்டையில் பிறந்த பெட்டையை, அண்டை வீட்டில் ஒற்றையாகப் பிறந்த கிடாவோடு ஒப்பிட்டுக் கழிப்பது நியாயமில்லை. இனவிருத்திக்குப் பெட்டையைத் தேர்ந்தெடுக்கும்போது, தாயின் ஒரே ஈற்றைப் பார்த்து முடிவுகட்ட வேண்டாம். இரண்டு மூன்று ஈற்றிலும் இரட்டை ஈன்று, இரண்டையும் காப்பாற்றியிருக்கிறதா என்று பார்ப்பதே மேல்.

மாட்டில் நிலைமை வேறு. அங்கு இரட்டையே கேடாகும் சந்தர்ப்பம் உண்டு. பசுவின் வயிற்றில் காளையும் கிடேரியும் சேர்ந்து வளர்ந்தால், பெரும்பாலும் இரண்டின் நஞ்சுப்பைகளும் இணைந்து இரத்தம் கலந்துவிடும். காளைக் கருவின் சுரப்புநீர்கள் கிடேரியின் பிறப்புறுப்புகளை வளரவிடாமல் தடுக்கும். அமெரிக்க விஞ்ஞானி லில்லி 1916இல் இதை விளக்கினார். இவ்வாறு பிறக்கும் கிடேரிகளில் 100க்கு 90க்கு மேல் மலடே. ஆட்டில் இது மிக அரிது.

பார்வைக்கு அந்தக் கிடேரி நன்றாகவே வளரும். மூன்று வருடம் தீவனம் போட்ட பின்புதான் பருவத்திற்கே வரவில்லை என்று தெரியும். கன்றாக இருக்கும்போதே பிறப்புறுப்பின் நீளத்தை அளந்து மருத்துவர் சொல்லிவிடுவார். சந்தையில் கிடேரிக் கன்று வாங்குவோர், அது ஒற்றையாகப் பிறந்ததா, காளையுடன் பிறந்ததா என்று கேட்பது நல்லது. விற்பவர் தயங்கினால், மருத்துவரிடம் காட்டிய பிறகு பணத்தைக் கொடுக்கலாம்.