உங்களுக்குத் தெரியுமா? சியெனா பேராலயம்

இத்தாலியின் டஸ்கனி பகுதியில், புளோரன்ஸுக்குத் தெற்கே குன்றின்மேல் இருக்கும் ஊர் சியெனா. அதன் உச்சியில், உடம்பெல்லாம் கறுப்பு வெள்ளைப் பட்டைகளோடு நிற்கிறது விண்ணேற்பு அன்னை பேராலயம். பெரும்பகுதி 13ஆம் நூற்றாண்டில் எழுந்தது. அதைப் பற்றிச் சில துணுக்குகள்:

● கறுப்பும் வெள்ளையும் சியெனாவின் நகரச் சின்னத்து நிறங்கள். ரோமை நிறுவிய ரோமுலஸுக்கு அஞ்சி, அவன் உடன்பிறந்த ரெமுஸின் மகன்கள் இருவர் ஓடிவந்தார்களாம். ஒருவன் வெள்ளைக் குதிரையில், மற்றவன் கறுப்புக் குதிரையில். அவர்கள் உண்டாக்கிய ஊர்தான் சியெனா என்பது ஊர்க்கதை. ஆலயத்துச் சுவரைக் கிட்டப்போய்ப் பார்த்தால் கறுப்புக் கல் பலவும் உண்மையில் கரும்பச்சை.

● மணிக்கூண்டைக் கீழிருந்து மேலே எண்ணிப் பாருங்கள். அடியில் ஒற்றைச் சாளரம், அதற்கு மேல் இரட்டை, அப்புறம் மூன்று என்று ஏறிக்கொண்டே போய், உச்சியில் ஆறு. மேலே போகப் போகத் திறப்பு கூடுவதால் சுவரின் பாரம் குறைகிறது. பார்வைக்கும் கோபுரம் லேசாகத் தெரிகிறது.

● முகப்பின் கீழ்ப்பாதியை 1284 வாக்கில் தொடங்கியவர் சிற்பி ஜொவான்னி பிசானோ. தீர்க்கதரிசிகளோடு கிரேக்கத் தத்துவஞானிகள் பிளேட்டோவையும் அரிஸ்டாட்டிலையும் தேவாலய வாசலில் நிற்க வைத்தார். தரையிலிருந்து அண்ணாந்து பார்ப்பவருக்கு முகம் மறையக் கூடாது என்று சில சிலைகளின் கழுத்தையே முன்னால் நீட்டிவிட்டார். இப்போது முகப்பில் இருப்பவை நகல்கள். மூலச் சிலைகள் பக்கத்து அருங்காட்சியகத்தில் பத்திரமாக இருக்கின்றன.

● ஜொவான்னியின் அப்பா நிக்கோலா பிசானோ, 1265 முதல் 1268 வரை உள்ளே இருக்கும் எண்கோணப் பிரசங்க மேடையைச் செதுக்கினார். தூண்கள் சில சிங்கங்களின் முதுகில் நிற்கின்றன. உதவிக்கு இருந்த சீடர்களில் ஒருவர் அர்னோல்ஃபோ தி காம்பியோ. பின்னாளில் சியெனாவின் பரம எதிரியான புளோரன்ஸின் பேராலயத்துக்குத் திட்டம் போட்டவர் அதே அர்னோல்ஃபோதான்!

● அந்தப் பகைக்கும் இங்கே தடயம் உண்டு. 1260 செப்டம்பர் 4 அன்று மொந்தபெர்த்தி போரில் சியெனா புளோரன்ஸை முறியடித்தது. போருக்கு முன் நகரத்துச் சாவிகளை மரியன்னையின் பீடத்தில் வைத்து ஊரையே அவளுக்கு ஒப்புக்கொடுத்தார்கள் என்பார்கள். தூண்களோடு கட்டி நிற்கும் இரண்டு நெடிய மரக்கழிகள், அந்தப் போரின் கொடிவண்டியில் இருந்தவை என்பது வழிவழிச் செய்தி.

● தலைக்கு மேலே 172 போப்பாண்டவர்கள் வரிசையாகக் குனிந்து பார்க்கிறார்கள். புனித பேதுருவில் தொடங்கி மூன்றாம் லூசியுஸ் வரை மார்பளவு உருவங்கள். அவர்களுக்குக் கீழே 36 பேரரசர்கள். இவர்கள் எல்லோருக்கும் மேலே நீலக் கூரையில் தங்க நட்சத்திரங்கள்.

● ஓவியர் துச்சியோ வரைந்த ‘மாயெஸ்தா’ என்ற மாபெரும் பீட ஓவியம் 1311 ஜூன் 9 அன்று அவர் பட்டறையிலிருந்து ஊர்வலமாக வந்தது. கடைகளை அடைத்து, மணிகள் முழங்க, ஆயரும் மக்களும் மெழுகுத்திரியோடு கூட நடந்தார்கள். சியெனாவுக்கு அமைதியும் துச்சியோவுக்கு ஆயுளும் கொடு என்று மரியன்னையிடம் கேட்கும் வாசகத்தை அவளுடைய அரியணைக்கடியில் எழுதிவைத்தார் ஓவியர்.

● அத்தனை மரியாதையோடு வந்த படத்தை 1771இல் ரம்பத்தால் அறுத்தார்கள். முன்பக்கம் வேறு, பின்பக்கம் வேறு என்று பிரித்ததில் ஓவியம் சேதப்பட்டது, துண்டுகள் சிதறின. பெரும்பகுதி சியெனா அருங்காட்சியகத்திலேயே இருக்கிறது. மற்றவற்றில் சில லண்டனில், சில வாஷிங்டனில். இயேசுவைச் சாத்தான் மலைமேல் சோதிக்கும் காட்சி நியூயார்க்கில், லாசர் உயிர்த்தெழும் காட்சி டெக்சாஸில்.

● இந்தக் கோயிலில் மிதிப்பதும் ஓவியம்தான். தரை முழுக்க 56 சலவைக்கல் படங்கள். 14ஆம் நூற்றாண்டில் தொடங்கி 16ஆம் நூற்றாண்டு வரை ஏறத்தாழ 40 கலைஞர்கள் உழைத்தார்கள். ஆரம்பத்தில் வெள்ளைக் கல்லில் கோடு கீறி, கீறலில் கரும்பிசினை நிரப்பினார்கள். பிறகு பல நிறக் கற்களை வெட்டிப் பொருத்தத் தொடங்கினார்கள். நடுவாசலுக்குள் நுழைந்ததும் வரவேற்பவர் கிறிஸ்தவப் புனிதர் அல்ல, எகிப்திய ஞானியாகக் கருதப்பட்ட ஹெர்மஸ். காலடி பட்டுத் தேயாமலிருக்க, ஆண்டின் பெரும்பகுதி இந்தப் படங்களில் பலவற்றை மூடியே வைக்கிறார்கள். முழுத் தரையையும் பார்க்க, கோடையிலும் அதை ஒட்டியும் திறந்துவைக்கும் சில வாரங்களில் போக வேண்டும்.

● மைக்கலாஞ்சலோ 1501இல் இங்குள்ள பிக்கொலோமினி பீடத்துக்கு 15 சிலைகள் செய்துதர ஒப்பந்தம் போட்டார். செய்தவை நான்கு. அதே ஆண்டு புளோரன்ஸில் இன்னொரு வேலை வந்துவிட்டது. அதுதான் உலகமே அறிந்த ‘டேவிட்’.

● பேராலயத்தை ஒட்டிய பிக்கொலோமினி நூலகம், போப் இரண்டாம் பயஸின் புத்தகங்களுக்காக அவருடைய சகோதரி மகன் கட்டியது. சுவர்களில் தாய்மாமனின் வாழ்க்கையைப் பத்துக் காட்சிகளாகத் தீட்டியவர் பிந்துரிக்கியோ. சில காட்சிகளுக்கு இளம் ரஃபேல் மாதிரி வரைந்து கொடுத்தார். மாமனின் புத்தகங்கள் மட்டும் வந்து சேரவே இல்லை. இப்போது இருப்பவை பாடகர் குழுவின் பெரிய இசைச் சுவடிகள். கட்டிய மருமகனும் 1503இல் மூன்றாம் பயஸ் என்ற பெயரில் போப் ஆனார். பதவியில் இருந்தது 26 நாள்.

● சரிவான குன்று என்பதால், பலிபீடப் பகுதிக்கு நேர் கீழே இருக்கிறது ஞானஸ்நான மண்டபம். அங்கிருக்கும் தொட்டிக்குக் கிபெர்த்தி, டொனாட்டெல்லோ, யாக்கொப்போ தெல்லா குவெர்சியா ஆகிய மூவரும் வெண்கலப் பலகைகள் வார்த்தார்கள்.

● 1999இல் பலிபீடத்துக்கு அடியில் வேலை நடந்தபோது, இடிபாடுகளால் அடைத்திருந்த ஓர் அறை கண்ணில் பட்டது. மண்ணை அள்ள அள்ள 13ஆம் நூற்றாண்டுச் சுவரோவியங்கள் வெளிவந்தன, ஏறத்தாழ 180 சதுர மீட்டருக்கு. பல நூற்றாண்டுகள் வெளிச்சமும் காற்றும் படாததால் நீலமும் சிவப்பும் மங்கவே இல்லை.

● இருந்த கோயில் போதாதென்று 1339இல் சியெனா ஒரு பெரிய முடிவெடுத்தது. புதிதாக ஒரு நெடுங்கூடம் கட்டுவது, இப்போதிருக்கும் கோயிலை அதன் குறுக்குக் கைகளாக மட்டும் வைத்துக்கொள்வது! சுவர்கள் எழுந்தன. 1348இல் கொள்ளைநோய் வந்தது. தன் ஐந்து பிள்ளைகளையும் தன் கையாலேயே புதைத்ததாக எழுதிவைத்தார் உள்ளூர்க் குறிப்பாசிரியர் அஞ்ஞோலோ தி தூரா. கட்ட ஆளில்லை, பணமில்லை. கட்டியதிலும் பலவீனம் தெரிந்தது. 1357இல் திட்டத்தைக் கைவிட்டார்கள்.

● ஆனால் புதிய கோயிலின் முகப்புச் சுவர் மட்டும் இன்றும் தனியாக நிற்கிறது. பெயர் ‘ஃபச்சியத்தோனே’, அதாவது பெருமுகப்பு. கூடமாகியிருக்க வேண்டிய இடம் இன்று திறந்த சதுக்கம், ஒரு பக்க நடை அருங்காட்சியகம். குறுகலான சுழல்படியில் அந்தச் சுவரின் உச்சிக்கு ஏறலாம். அங்கிருந்து பார்த்தால், வெறும் கையாக ஒதுங்கியிருக்க வேண்டிய பழைய கோயில் முழுசாகத் தெரியும்.